நூறு சதவீதத் தேர்ச்சி பெறுவது எப்படி?

முந்தாநாள் ராத்திரி பதினோரு மணிக்கு அக்காவிடமிருந்து போன். இங்கே பதினொண்ணு என்றால் ஊரில் விடியற்காலை இரண்டரை. அந்த நேரத்தில் ஊரிலிருந்து போன் வந்தால் வயிற்றில் புளியைக் கரைக்குமா இல்லையா? பாட்டிக்குத்தான் ஏதோ ஆகிவிட்டது என்று நினைத்துக்கொண்டே எடுத்தேன்.

"பாட்டி நல்லாத்தான் இருக்குது. எனக்குத்தான் தூக்கம் வரலைடா. பாப்பா ஸ்கூல்ல திங்கக்கெழம வரச் சொல்லியிருக்காங்க."

பாப்பா என்பது அக்கா மகள். கூப்பிடுவதுதான் பாப்பா, வயசு பதினாலு. ஒன்பதாம் வகுப்பு முழுப்பரீட்சை எழுதி முடித்திருக்கிறாள். கணக்கில் முப்பத்தொண்ணு. பாஸ் மார்க் முப்பத்தஞ்சு.

"கணக்குல ரொம்ப வீக்கா இருக்கறா, பத்தாவது பப்ளிக் தாங்க மாட்டாங்கறாங்க. டி.சி. வாங்கிட்டு வேற ஸ்கூல்ல சேத்துக்கறதா இருந்தா பாஸுன்னு போட்டுத் தர்றாங்களாம். இல்லீன்னா இன்னொரு வருசம் ஒம்பதாவதே படிக்கட்டுமாம். இதுல எதுடா நல்லது?"

மக்களே, அந்த வசனத்தை இன்னொரு தடவை படித்துப் பாருங்கள். ஒரே பொண்ணு, ஒரே விடைத்தாள், அதே முப்பத்தொண்ணு. பள்ளிக்கூட கேட்டுக்கு உள்ளே இருந்தால் ஃபெயில், கேட்டைத் தாண்டி வெளியே போனால் பாஸ். ஐன்ஸ்டைனின் சார்பியல் கொள்கையை இதைவிட எளிமையாக யாரும் விளக்கியது கிடையாது :-)

சிரிப்பு அந்த ஒரு வரியோடு சரி. ஏனென்றால் இந்த வசனம் எனக்குப் புதுசு இல்லை. 2012 ஏப்ரலில் இதே வசனத்தை, கிட்டத்தட்ட இதே வார்த்தைகளில், நான் படித்த பள்ளிக்கூடத்து ஆபீஸ் ரூம் வாசலில் நின்று கேட்டிருக்கிறேன். வேறு பள்ளி, வேறு ஹெச்.எம். வசனம் மட்டும் பதினைந்து வருஷமாக அப்படியே ஓடிக்கொண்டிருக்கிறது. அதனால் கொஞ்சம் கொசுவர்த்திச் சுருளைச் சுற்றிவிட்டு வருகிறேன், பொறுத்தருள்க.

முதலில் ஒரு சின்னக் கணக்குப் பாடம். பின்னம் என்று ஒன்று படித்திருப்போம். மேலே இருப்பது தொகுதி, கீழே இருப்பது பகுதி. ஒரு வகுப்பில் 92 பேர் படித்து 84 பேர் பாஸானால் சுமாராக 91 சதவீதம். இதை 100 ஆக்க வேண்டும். என்ன பண்ணலாம்? மேலே இருக்கிற 84ஐ 92 ஆக்கலாம். அதற்கு அந்த எட்டுப் பேரையும் உட்கார வைத்து, அவர்களுக்கு எங்கே இடிக்கிறது என்று பார்த்து, ஒரு வருஷம் பொறுமையாகச் சொல்லிக்கொடுக்க வேண்டும். ஆசிரியர் வேண்டும், நேரம் வேண்டும், சம்பளம் வேண்டும். ஆச்சா? இன்னொரு வழி, கீழே இருக்கிற 92ஐ 84 ஆக்குவது. அதற்கு ஒரு மத்தியானம் போதும். எட்டு அப்பாக்களைக் கூப்பிட்டு எட்டு நாற்காலியில் உட்கார வைத்துப் பேசினால் முடிந்தது.

என்னுடைய மெட்ரிக் பள்ளி கணக்கில் ரொம்ப கெட்டி. இரண்டாவது வழியைத்தான் எடுத்தது.

சேலம் பக்கத்தில் ஒரு சின்ன ஊர் எங்களுடையது. நாமக்கல் பக்கம்தான். முட்டைக்கும் மார்க்குக்கும் பேர் போன பிரதேசம் என்பது உங்களுக்கே தெரியும். விடுதிப் பள்ளிகளுக்கு பிராய்லர் பள்ளி என்று பேர் வைத்தவன் யாரோ, அவனுக்கு ஒரு சிலை வைக்கலாம். வெளிச்சம் போட்டு, நேரத்துக்குத் தீனி போட்டு, நடமாட விடாமல் எடை ஏற்றுவது என்றால் இரண்டுக்கும் ஒரே தொழில்நுட்பம்தானே. என் பள்ளி அந்த அளவுக்குப் பெரிய கை இல்லை. ஆனால் ஆசை இருந்தது. ஐந்து மணிக்கு எழுந்து படிப்பு, எட்டு மணிக்கு ஸ்பெஷல் கிளாஸ், சாயங்காலம் ஸ்லிப் டெஸ்ட், ஞாயிற்றுக்கிழமை மாதிரித் தேர்வு. வீட்டில் கேபிள் கனெக்ஷனைப் பிடுங்கிவிடுவார்கள். சொந்தக்காரர் கல்யாணத்துக்குப் போனால் "பையன் பப்ளிக், கூட்டிட்டு வரல" என்று அம்மா பெருமையாகச் சொல்லுவார். ஏதோ பையனுக்கு அம்மை போட்டிருக்கிறது என்பது போல எல்லோரும் தலையை ஆட்டிக்கொண்டு போவார்கள்.

பக்கத்து பெஞ்சில் எனக்கு ஒரு நண்பன். பெயர் வேண்டாம், இன்றைக்கும் அதே ஊரில் கடை வைத்திருக்கிறான். அவன் அப்பாவுக்கு பஸ் ஸ்டாண்டுக்குப் பின்னால் மோட்டார் காயில் கட்டுகிற கடை. பயலுக்குக் கணக்கும் வராது, இங்கிலீஷும் வராது. ஆனால் ஒரு தடவை பள்ளித் தண்ணீர் மோட்டார் ஓடாமல் உறுமிக்கொண்டு நின்றபோது, பியூன் அண்ணனிடம் போய் "அண்ணா, மோட்டார் நல்லாத்தான் இருக்கு, கண்டென்சர் போயிருக்கு" என்றான். மத்தியானம் சாப்பாட்டு நேரத்தில் கடைக்கு ஓடிப்போய் எடுத்துவந்து மாட்டினான். ஓடியது. அதற்கு அவனுக்குக் கிடைத்த பரிசு, பெல் அடித்த பிறகு வகுப்புக்கு வந்ததற்காக வெளியே முட்டி போட்டது.

அவன் கண்டென்சர் என்று சொன்ன அதே சமாச்சாரத்தை +2 இயற்பியலில் மின்தேக்கி என்ற பேரில் படித்தேன். இணைத்தட்டு மின்தேக்கியின் மின்தேக்குத்திறனுக்கான கோவையைத் தருவி என்று கேட்டால் தூக்கத்தில் எழுப்பினாலும் தருவிப்பேன். ஒரு மோட்டாரில் அது எங்கே இருக்கும் என்று கேட்டால் தெரியாது. பள்ளிக்கூடம் வைத்துக்கொண்டது என்னை. அனுப்பியது அவனை.

இப்போது சொல்லப்போவதை இதுவரை எங்கேயும் எழுதியதில்லை.

ஒன்பதாம் வகுப்பில் நான் லீடர். ஸ்லிப் டெஸ்ட் பேப்பரை திருத்தி மார்க் போட்டு நோட்டில் ஏற்றுவது என் வேலை. கையெழுத்து வேறு அச்சடித்த மாதிரி இருக்கும் (அதற்கும் பரீட்சையில் மார்க் உண்டு என்று அடித்து வளர்த்த கையெழுத்து). பிப்ரவரியில் ஒரு நாள் மிஸ் கூப்பிட்டு, "தொடர்ந்து மூணு டெஸ்ட்ல முப்பத்தஞ்சுக்குக் கீழ எடுத்தவங்க பேரையெல்லாம் ஒரு பேப்பர்ல நீட்டா எழுதிக் குடுப்பா" என்றார். எழுதினேன். கோடு போட்டு, வரிசை எண் போட்டு, தலைப்புக்கு அடியில் பென்சிலால் இரண்டு கோடு இழுத்து. எட்டுப் பேர். நாலாவது பெயர் அவனுடையது.

எதற்கு அந்தப் பட்டியல் என்று எனக்குத் தெரியாது என்று சொல்லிக்கொள்ள ஆசைதான். நிஜமாகவே தெரியாதா என்றால், தெரிந்துகொள்ள வேண்டும் என்று தோன்றவில்லை. அவ்வளவுதான். எழுதிக்கொண்டிருக்கும்போதே அவன் பக்கத்திலிருந்து எட்டிப் பார்த்தான். "டேய் மாப்ள, என் இனிஷியல தப்பா போட்டிருக்கடா, எம் இல்ல, என்" என்றான். ஒயிட்னர் வைத்துத் திருத்தினேன்.

ஏப்ரலில் அவன் அப்பா வந்தார். கையில் கிரீஸ், சட்டை மட்டும் இஸ்திரி போட்டது. ஆபீஸ் ரூம் வாசலில் நான் எதற்கோ நின்றுகொண்டிருந்தேன், நோட்டுக் கட்டு எடுக்க என்று ஞாபகம். அப்போது கேட்டதுதான் அந்த வசனம். அவர் ஒன்றுமே பேசவில்லை. "எங்கீங்க கையெழுத்துப் போடணும்" என்று மட்டும் கேட்டார். ஒரு வாரத்தில் எட்டுப் பேரும் காலி. யாரும் யாரையும் துரத்தவில்லை, பாருங்கள். எட்டுப் பெற்றோரும் "சொந்தக் காரணங்களுக்காக" தாங்களாகவே எழுதிக் கொடுத்து வாங்கிக்கொண்டு போனார்கள். ஃபைல் சுத்தம்.

2013ல் ரிசல்ட். பஸ் ஸ்டாண்டு முனையில் இருபதடி ஃப்ளெக்ஸ். தேர்வு எழுதியோர் 84, தேர்ச்சி பெற்றோர் 84, நூற்றுக்கு நூறு. மேலே தாளாளர், கீழே நாங்கள் பத்துப் பேர், எல்லோருக்கும் ஒரே நீலக்கலர் பேக்கிரவுண்டு. மூன்றாவது வட்டத்தில் என் மூஞ்சி. அந்த ஃப்ளெக்ஸ் கட்டியிருந்த கம்பத்துக்கு நேர் பின்னால்தான் அவன் அப்பா கடை. ஆறு மாசம் நானும் அவனும் ஒருவரை ஒருவர் பார்த்தபடியே இருந்தோம், நான் ஃப்ளெக்ஸிலும் அவன் கடையிலுமாக.

பையன் அரசுப் பள்ளியில் சேர்ந்து அதே வருஷம் அதே பத்தாவது பாஸ் பண்ணிவிட்டான் என்பதையும் சொல்லிவிட வேண்டும். கணக்கில் 52. அப்புறம் ஐ.டி.ஐ.

சரி, மிச்சம் இருந்த 84 பேராவது பிழைத்தோமா என்று கேட்டால், எங்களையும் வேறு மாதிரி வெட்டினார்கள். +1 புத்தகத்தை நாங்கள் கட்டுப் பிரித்ததே இல்லை. பத்தாவது ரிசல்ட் வந்த மறுவாரம் +2 பாடம் தொடங்கிவிடும். இரண்டு வருஷமும் ஒரே புத்தகம்தான். அதையும் முழுசாக இல்லை. ப்ளூபிரிண்ட் என்று ஒரு சுவடி உண்டு, எந்தப் பாடத்திலிருந்து எத்தனை மார்க்குக்கு எத்தனை கேள்வி என்று அதில் இருக்கும். அப்போதெல்லாம் கணக்குக்கு 200 மார்க். நாற்பது ஒரு மார்க், பத்து ஆறு மார்க், பத்து பத்து மார்க். ஒரு மார்க் எல்லாம் புத்தகத்துக்குப் பின்பக்கமும் பி.டி.ஏ. புத்தகமும். கேள்வியைப் படிக்க வேண்டிய அவசியமே இல்லை, முதல் மூணு வார்த்தையைப் பார்த்தாலே கை தானாக விடையை எழுதும். ப்ளூபிரிண்டைப் பார்த்து எந்தப் பாடத்தை விட்டால் நஷ்டம் இல்லை என்று கணக்குப் போடுவதில்தான் எங்கள் மொத்தக் கணிதத் திறமையும் செலவானது. வெக்டர் வருமா, இண்டெக்ரல் கால்குலஸை விடலாமா... ஷேர் மார்க்கெட் புரோக்கர் தோற்றான்.

எனக்குக் கணக்கில் 200. இயற்பியலில் 197. அந்த மூன்று மார்க் எங்கே போனது என்று அப்பா ஒரு வாரம் தேடினார்.

இன்ஜினியரிங் முதல் வருஷத்தில் வாத்தியார் "இதெல்லாம் நீங்க லெவன்த்லயே படிச்சிருப்பீங்க" என்று சொல்லிச் சொல்லித் தாண்டிப் போனபோதுதான் கட்டுப் பிரிக்காத அந்தப் புத்தகத்தின் அருமை தெரிந்தது. அதை விடுங்கள், அரியர் கதை இன்னொரு நாள்.

இங்கே ஜெர்மனிக்கு வந்து நடந்த ஒன்றைச் சொல்கிறேன். டிரெஸ்டனில் வருஷத்துக்கு ஒரு ராத்திரி, பல்கலைக்கழகத்து ஆய்வகங்களை எல்லாம் திறந்துவிடுவார்கள். ஊரே பிள்ளைகுட்டிகளோடு வந்து வேடிக்கை பார்க்கும். அறிவியலுக்கு ஒரு சிவராத்திரி என்று வைத்துக்கொள்ளுங்களேன். போன வருஷம் நானும் போனேன். ஒரு அறையில் பெரிய அலுமினிய உருண்டை, கீழே தூண், உள்ளே பெல்ட் ஓடுகிறது. உருண்டையைத் தொட்ட பிள்ளைகளின் தலைமுடி எல்லாம் சிலிர்த்துக்கொண்டு நிற்கிறது. நானும் ஆவென்று பார்த்துக்கொண்டிருந்தேன். என்ன கருவி என்று எழுதி ஒட்டியிருந்த அட்டையைப் பார்த்த பிறகுதான் தெரிந்தது: வான் டி கிராஃப்!

யோசித்துப் பாருங்கள். 1929ல் ராபர்ட் வான் டி கிராஃப் என்ற அமெரிக்கர் முதன்முதலில் செய்துகாட்டிய இந்தக் கருவியின் படத்தை நான் குறைந்தது ஐம்பது தடவை வரைந்திருப்பேன். எச்.பி. பென்சில், பாகம் குறிக்க அம்புக்குறி, சீப்பு மாதிரி இரண்டு, உருளை இரண்டு. அது நிஜமாக எதிரில் வந்து நிற்கும்போது எனக்கு அடையாளம் தெரியவில்லை. நாள் கணக்காகப் போட்டோ பார்த்துவிட்டு, பொண்ணு எதிரே வந்தால் "நீங்க யாரு?" என்று கேட்ட மாப்பிள்ளை கதைதான்.

அதோடு விட்டதா? எனக்கு முன்னால் ஒரு பத்து வயசுப் பொண்ணு. அங்கே நின்ற ஆராய்ச்சி மாணவரிடம், "பெல்ட் ஏன் ரப்பர்ல இருக்கு? உலோகத்துல பண்ணினா சீக்கிரம் அறுந்து போகாதே?" என்றாள். எனக்குத் திக்கென்றது. நான் எழுதிய விடையில் பெல்ட் எதனால் ஆனது என்ற வரி உண்டு, மார்க்கும் உண்டு. ஏன் என்பது கிடையாது. பதினாறு வயதில் எனக்கு வராத கேள்வி, இருபத்தெட்டு வயதிலும் வராத கேள்வி. அவர் பொறுமையாகச் சொன்னார்: மின்னூட்டம் பெல்ட்டின் மேல் உட்கார்ந்த இடத்திலேயே உட்கார்ந்து மேலே பயணம் போக வேண்டும், உலோகமாக இருந்தால் அது மேலும் கீழும் ஓடி, உருண்டையில் சேர்ந்தது எல்லாம் வந்த வழியே இறங்கிவிடும் என்று. அவள் "ஓ" என்று சொல்லிவிட்டு அடுத்த அறைக்கு ஓடிவிட்டாள். நான்தான் கொஞ்ச நேரம் அங்கேயே நின்றேன். நம்ம காயில் கடைக்காரன் இருந்திருந்தால் இந்தக் கேள்வியை அவனே முதலில் கேட்டிருப்பான் என்று தோன்றியது. பெல்ட் என்றால் அவனுக்கு ஒரு பொருள். எனக்கு ஒரு பாகம் குறித்தல்.

உடனே "வெளிநாடு போனதும் நம்மூரை மட்டம் தட்ட ஆரம்பிச்சுட்டான்யா" என்று கல்லைத் தூக்காதீர்கள். ஜெர்மனி ஒன்றும் சொர்க்கம் இல்லை. இந்த சாக்சனி மாநிலத்தில் நாலாம் வகுப்பு முடிந்ததும் ஆசிரியர் பரிந்துரை எழுதிவிடுகிறார், இந்தப் பிள்ளை ஜிம்னாசியம், அந்தப் பிள்ளை ஓபர்ஷூலே என்று. பத்து வயசில்! என்னைத் திக்குமுக்காட வைத்த அந்தப் பொண்ணுக்கும் அந்தக் காகிதம் வந்திருக்கும். பல்கலைக்கழகத்திலோ ஒரு கட்டாயப் பாடத்தில் வழக்கமாக மூன்று தடவைதான். மூன்றாவது தடவையும் போச்சு என்றால் அதே படிப்பை நாட்டில் வேறு எங்கேயும் தொடர முடியாது. நம்மூர் அரியர் முறை இதைவிட எவ்வளவோ கருணை உள்ளது. ஆக, பிள்ளைகளைச் சல்லடையில் போட்டுச் சலிக்கிற வியாதி எல்லா ஊரிலும் இருக்கிறது. ஆனால் இங்கே சலிப்பதைச் சலிப்பது என்று சொல்லியே செய்கிறார்கள், காகிதத்தில் எழுதிக் கையில் கொடுக்கிறார்கள். எதிர்த்துப் பேசவும் ஒரு வழி இருக்கிறது. நம்மிடம் சலித்துக் கீழே விழுந்ததே இல்லை என்று ஃப்ளெக்ஸ் வைக்கிறோம்.

(இடையில் ஒரு தமாஷ். இங்கே மார்க் தலைகீழ். 1 என்றால் பிரமாதம், 4 என்றால் தப்பித்தாய், 5 என்றால் ஊத்திக்கிச்சு. முதல் செமஸ்டரில் 1.3 வாங்கி சந்தோஷமாக அம்மாவுக்குச் சொன்னேன். அந்தப் பக்கம் ஒரு நிமிஷம் சத்தமே இல்லை. "நூத்துக்காடா?" என்றார்.)

இன்னொரு பக்கத்தையும் சொல்லாமல் விட்டால் நான் அயோக்கியன். என் அப்பா பஸ் கண்டக்டர். எங்கள் வீட்டில் காலேஜ் படி மிதித்த முதல் ஆள் நான், முதல் பட்டதாரி சலுகையில் படித்தவன். பொதுத்தேர்வு விடைத்தாளில் என் பெயர் கிடையாது, டம்மி நம்பர்தான். திருத்துகிற ஆசிரியருக்கு என் சாதி தெரியாது, அப்பா வேலை தெரியாது, நான் போட்டிருக்கும் செருப்பு தெரியாது. அந்த இரண்டு மணி மூன்று மணி நேரம்தான் என் வாழ்க்கையில் யாரும் என்னை யார் வீட்டுப் பிள்ளை என்று கேட்காத நேரம். அந்த மார்க்கை வைத்துக் கவுன்சிலிங்கில் போய் நின்றேன், சீட் கொடுத்தார்கள். அதனால் "பரீட்சையே வேண்டாம், மார்க்கே வேண்டாம்" என்று ஏசி ரூமில் உட்கார்ந்து சொல்கிறவர்களோடு எனக்கு ஒத்துவராது. அவர்கள் பிள்ளைகளுக்கு மார்க் இல்லாவிட்டாலும் மாமா இருக்கிறார். எங்களுக்கு மார்க்தான் மாமா.

ஆனால் அந்த டம்மி நம்பரின் நியாயம் ஹாலுக்குள் போனவனுக்குத்தான். ஹால் வாசல் வரைக்கும் வரவிடாமல் செய்தவனுக்கு எந்த நம்பரும் இல்லை. காயில் கடைக்காரன் பரீட்சையில் தோற்று வெளியே போகவில்லை. பரீட்சைக்கு ஒரு வருஷம் முன்னாலேயே, தோற்றுவிடுவான் என்ற சந்தேகத்தின் பேரில் வெளியே போனான்.

சட்டம் எல்லாம் இருக்கிறதே என்பீர்கள். 2009ல் வந்த கல்வி உரிமைச் சட்டம் எட்டாம் வகுப்பு வரைக்கும்தான் காவல். நடுவே 2019ல் ஐந்துக்கும் எட்டுக்குமே பொதுத்தேர்வு என்று தமிழக அரசு அறிவித்து, எல்லோரும் சத்தம் போட்ட பிறகு 2020 பிப்ரவரியில் வாபஸ் வாங்கியது தனிக் கூத்து. எட்டு வரைக்கும் யாரையும் நிறுத்தக் கூடாது, பத்தில் பொதுத்தேர்வு. நடுவில் மாட்டிக்கொண்டிருப்பது ஒன்பது. வாசற்கதவுக்குப் பூட்டு போட்டு, ஒன்பதாம் வகுப்பு என்கிற கொல்லைக்கதவைத் திறந்து வைத்த மாதிரி.

சீர்திருத்தமும் நடக்காமல் இல்லை. 2017ல் மாநில ரேங்க் அறிவிப்பதை நிறுத்தினார்கள். நல்ல விஷயம். +1 பாடத்தை யாரும் நடத்துவதில்லை என்று 2018 மார்ச்சில் +1க்கும் பொதுத்தேர்வு வைத்தார்கள், மார்க்கை 1200லிருந்து 600 ஆக்கினார்கள். பிள்ளைகளுக்கு மூணு வருஷம் தொடர்ந்து பொதுத்தேர்வு என்றால் பாரம் என்று 2025ல் அந்த +1 பொதுத்தேர்வை எடுத்துவிடுவதாக அறிவித்தார்கள். வைத்தபோது சொன்ன காரணமும் சரிதான், எடுத்தபோது சொன்ன காரணமும் சரிதான். ஆனால் வைத்தாலும் எடுத்தாலும் எல்லாமே பின்னத்தின் மேல் மாடியில் நடக்கிற ரிப்பேர். கீழ் மாடியை யாரும் எட்டிப் பார்த்ததாகத் தெரியவில்லை. 2020ல் கொரோனா வந்து பத்தாம் வகுப்புத் தேர்வை ரத்து செய்து எல்லோரையும் பாஸ் போட்டார்களே, யாரையும் வெளியே அனுப்பாமல் மாநிலம் மொத்தமும் தேர்ச்சி பெற்ற வருஷம் அது. எந்தப் பள்ளியும் அதற்கு ஃப்ளெக்ஸ் வைத்ததாக நான் பார்க்கவில்லை!

எனக்கு ஒரே ஒரு ஆசைதான். ரிசல்ட் வரும் அன்றைக்குப் பள்ளிவாரியாகத் தேர்ச்சி சதவீதம் போடுகிறார்கள் இல்லையா, அதற்குப் பக்கத்தில் இன்னும் ஒரே ஒரு எண்ணைப் போடட்டும்: இந்தப் பிள்ளைகள் ஒன்பதாம் வகுப்பில் சேர்ந்தபோது அந்தப் பள்ளியில் எத்தனை பேர் இருந்தார்கள். அவ்வளவுதான். பெரிய செலவு இல்லை. தமிழ்நாட்டில் பள்ளிப் பிள்ளைகள் ஒவ்வொருவருக்கும் எமிஸ் எண் இருக்கிறது. யார் எந்தப் பள்ளியில் இருந்து எப்போது டி.சி. வாங்கி எங்கே சேர்ந்தார்கள் என்பது அரசாங்கத்தின் கம்ப்யூட்டரில் ஏற்கெனவே உட்கார்ந்திருக்கிறது. 84க்கு 84 என்ற வரிக்குப் பக்கத்தில் 92 என்று ஒரு எண் இருந்தால், பிள்ளையைச் சேர்க்க வரும் அப்பா "மீதி எட்டு எங்கீங்க?" என்று கேட்பாரா மாட்டாரா? அப்பா ஊர் மாறிப் போனார், வீடு மாறினார் என்று நிஜமான காரணங்களும் இருக்கும், இல்லை என்று சொல்லவில்லை. ஆனால் ஒரு பள்ளியில் மட்டும் வருஷா வருஷம் மே மாசம் பத்துக் குடும்பம் ஒன்றாக ஊர் மாறினால் அந்த ஊரில் ஏதோ பூகம்பம் நடக்கிறது என்று அர்த்தம்.

அரசுப் பள்ளி ஆசிரியர்கள் பக்கமும் ஒரு நியாயம் இருக்கிறது. இப்படித் தள்ளிவிடப்பட்டவர்களை எல்லாம் கதவைத் திறந்து சேர்த்துக்கொள்வது அவர்கள்தான். அதனால் சதவீதம் குறைந்தால் கூட்டம் போட்டு வாங்கிக் கட்டிக்கொள்வதும் அவர்கள்தான். ஒருத்தன் குப்பையைப் பக்கத்து வீட்டு வாசலில் தள்ளிவிட்டு, தன் வாசல் சுத்தம் என்று பரிசு வாங்குகிறான்.

போன டிசம்பரில் ஊருக்குப் போனபோது காயில் கடைக்குப் போனேன். இப்போது அவன்தான் முதலாளி, இரண்டு பையன்கள் வேலைக்கு. டீ சொன்னான். "அங்க என்னடா பண்றே?" என்றான். படிக்கிறேன் என்றேன். "இன்னுமா முடியல?" என்று சிரித்தான். அந்தப் பட்டியலைப் பற்றிப் பேச வேண்டும் என்றுதான் போனேன். எப்படி ஆரம்பிப்பது என்று தெரியாமல், "மாப்ள, அந்த இனிஷியல் ஞாபகம் இருக்கா" என்றேன். கொஞ்ச நேரம் பேசாமல் காயிலைச் சுற்றிக்கொண்டிருந்தான். "எங்கப்பா அன்னிக்கு வீட்டுக்கு வந்து சாப்பிடல" என்றான். அப்புறம் ஒரு கஸ்டமர் மிக்ஸியைத் தூக்கிக்கொண்டு வந்துவிட்டார்.

அக்காவுக்கு என்ன சொன்னேன் என்று கேட்கிறீர்களா? டி.சி. கேட்டு நீயா எதையும் எழுதிக் கொடுக்காதே, "எம் பொண்ண வச்சுக்க மாட்டோம்னு நீங்க எழுத்துல குடுங்க"ன்னு கேளு என்றேன். எழுத்து என்ற வார்த்தையைக் கேட்டாலே பாதி ஹெச்.எம்.களுக்கு ஜுரம் வந்துவிடும் என்று பெரிய புத்திசாலி மாதிரி சொன்னேன். அக்கா சொன்னாள்: "சின்னவ அதே ஸ்கூல்ல அஞ்சாவது படிக்கறா. நான் இன்னிக்கு சட்டம் பேசுனா நாளைக்கு அவள ஒம்பதாவதுல என்ன பண்ணுவாங்க? நீ அங்க உக்காந்துட்டு சொல்லுவ." பதில் இல்லை என்னிடம். அந்த ஆபீஸ் ரூமில் அவள்தான் உட்காரப் போகிறாள், நான் இல்லை.

பாப்பாவும் முழித்துக்கொண்டுதான் இருந்திருக்கிறாள். போனைப் பிடுங்கி, "மாமா, எங்க செட்ல எம்பது பேரு. நான் ஒருத்தி போயிட்டா அவங்களுக்கு ஒண்ணேகால் பர்சென்ட் கூடுது, அதுக்குத்தான?" என்றாள். கணக்கில் ரொம்ப வீக்காம்.

திங்கட்கிழமை அங்கே காலை பத்து மணிக்குப் போகிறார்கள். இங்கே ஆறரை. அக்கா ஆபீஸ் ரூமுக்குள் போகும்போது போனை ஆன் பண்ணி ஸ்பீக்கரில் வைப்பதாகச் சொல்லியிருக்கிறாள். மச்சானுக்கு அன்றைக்கு லீவு கிடைக்கவில்லை. நான் அலாரம் வைத்திருக்கிறேன்.